ஆன்லைன் ‘எஃப்ஐஆர் குவாஷ் பேக்கேஜ்’ ரிவ்யூ: 5க்கு ஒன்றரை ஸ்டார், அந்த அரை ஸ்டார் டைப்பிங் சுத்தமா இருந்ததுக்கு

பேரை கேட்டு இன்பாக்ஸுக்கு வராதீங்க, சொல்ல மாட்டேன். இன்ஸ்டால ரீல்ஸ் போடுற டைப் லீகல் சர்வீஸ். கறுப்பு கோட்டு போட்ட ஒருத்தர் கேமராவைப் பாத்து “உங்க மேல எஃப்ஐஆர் போட்டுட்டாங்களா, டென்ஷனே வேண்டாம், ஹைகோர்ட்ல குவாஷ் பண்ணிடலாம்”னு (அதாவது எஃப்ஐஆரையே ரத்து பண்றது) பேசுவார், கீழ வாட்ஸ்அப் நம்பர் ஓடும். பேக்கேஜ் 25,000 ரூபாய். அதுல பெட்டிஷன் டிராஃப்டிங், ஃபைலிங், முதல் ஹியரிங்குக்கு ஒரு வக்கீல் ஆஜர், அவ்வளவுதான், அதுக்கு மேல ஒவ்வொரு வாய்தாவுக்கும் தனி காசு. வாங்கினது என் மச்சினன், அவங்ககிட்ட எல்லா போனும் பேசி மல்லுக்கட்டினது நான்.

மேட்டர் இதுதான். மச்சினன் சிவகாசி பக்கம் செகண்ட் ஹேண்ட் ஆஃப்செட் மெஷின் வாங்கி விக்கிறவன். 2024 ஆரம்பத்துல ஒருத்தருக்கு ஒரு மெஷின் குடுத்தான், 8 லட்சம் அட்வான்ஸ், மிச்சம் மெஷின் ஓடி பாத்தப்புறம்னு பேச்சு. மெஷின் போய் இறங்குச்சு, கலர் சரியா உக்காரல, அவர் மிச்சப் பணத்தை நிறுத்திட்டார், இவன் மிச்சம் வராம மெக்கானிக்கை அனுப்ப மாட்டேன்னுட்டான், அவர் அட்வான்ஸை திருப்பிக் குடுன்னார், அப்புறம் வாய் வார்த்தை தடிச்சு, கடைசில வருஷக் கடைசில எஃப்ஐஆர். பிரிவு 420 (ஏமாத்து), 506(1) (மிரட்டல்). குற்றம் சாட்டப்பட்டவங்க லிஸ்ட்ல ஏ1 மச்சினன், ஏ2 அவன் சம்சாரம், எனக்கு தங்கச்சி முறை. வாங்குனது வித்தது எல்லாம் புது சட்டங்கள் வந்த 2024 ஜூலை 1க்கு முன்னாடிங்கறதால குற்றப் பிரிவு பழைய ஐபிசில (இந்திய தண்டனைச் சட்டம்), எஃப்ஐஆர் அதுக்கு அப்புறம் போட்டதால நடைமுறை எல்லாம் புது பிஎன்எஸ்எஸ்ல (பழைய சிஆர்பிசிக்கு பதிலா வந்த குற்றவியல் நடைமுறைச் சட்டம்). இதை ஞாபகம் வச்சுக்கோங்க, கீழ வருது.

முதல் போன்ல பேசுன பொண்ணு ரொம்ப தன்மையா பேசுச்சு, குறை சொல்ல முடியாது. ஆனா எஃப்ஐஆர் காப்பியை அனுப்பி கால் மணி நேரம் கூட ஆகல, “சார் இது பக்கா சிவில் மேட்டர், 90 சதவீதம் குவாஷ் ஆயிடும்”னு பதில். படிச்சீங்களான்னு கேட்டா “எங்க சீனியர் டீம் பாத்துட்டாங்க”ங்குது. எந்த ஹைகோர்ட்ல போடுவீங்கன்னு கேட்டா சென்னைன்னு சொல்லுச்சு. விருதுநகர் மாவட்ட கேஸுக்கு மதுரை பெஞ்ச்தான்மா, 2004லயே வந்துடுச்சேன்னு நான் சொன்னதுக்கு அப்புறம்தான் “செக் பண்ணி சொல்றோம் சார்”னு வந்துச்சு. அதுக்குள்ள மச்சினன் ஜிபேல பணத்தை போட்டுட்டான், “அத்தான், தூக்கமே வரல, எப்படியாவது இதை நிறுத்தணும்”னு.

டிராஃப்ட் வந்துச்சு. டைப்பிங் நல்லா இருந்துச்சு, ஒரு ஸ்பெல்லிங் தப்பு இல்ல, அரை ஸ்டார் அதுக்குத்தான். தலைப்புலயே “பிரிவு 482ன் கீழ் மனு”ன்னு போட்டு கீழ ஒரு இடத்துல பிஎன்எஸ்எஸ்னும் போட்டிருந்தாங்க. பழைய சிஆர்பிசில 482தான் ஹைகோர்ட்டோட உள்ளார்ந்த அதிகாரம், குவாஷ் எல்லாம் அதுலதான் போடுவாங்க, சரி. ஆனா புது பிஎன்எஸ்எஸ்ல அது 528க்கு போயிடுச்சு, அங்க 482ன்னா என்ன தெரியுமா, முன்ஜாமீன்! அதாவது இவங்க மனுவோட தலைப்பு ஒண்ணு கேக்குது, உள்ளே வேற ஒண்ணு கேக்குது. பிரிவு நம்பரை தப்பா போட்டதுக்காக மட்டும் கோர்ட் மனுவை தூக்கி எறியாதுதான், அது வேற விஷயம், ஆனா 25,000 வாங்கிட்டு பழைய டெம்ப்ளேட்ல பேரை மட்டும் மாத்தி அனுப்பியிருக்காங்கன்னு அந்த ஒரு வரி காட்டிக்குடுத்துடுச்சு.

உள்ளே போனா இன்னும் மோசம். வாட்ஸ்அப் ஸ்கிரீன்ஷாட், மெக்கானிக் குடுத்த சர்டிபிகேட், மெஷின் ஓடுற வீடியோவை பிரிண்ட் எடுத்த போட்டோ, எல்லாத்தையும் இணைச்சு பக்கம் பக்கமா “மனுதாரர் அப்பாவி”ன்னு எழுதியிருக்காங்க. இடைக்கால நிவாரணமா “விசாரணை முடியும்வரை எந்த கடும் நடவடிக்கையும் எடுக்கக் கூடாது”ன்னு வேற ஒரு வரி.

இதை எடுத்துக்கிட்டு மதுரைல பெஞ்சுல பிராக்டிஸ் பண்ற ஒரு வக்கீல்கிட்ட போனோம், வயசான மனுஷன், போர்டு கூட சின்னது, ரெஃபரன்ஸ்ல கிடைச்சவர். ரிவ்யூல பாதி இவருக்குத்தான் போகணும். மனுவை கையிலயே வாங்கல, “எஃப்ஐஆர் குடுங்க தம்பி”ன்னு வாங்கி ஒரு பென்சிலை எடுத்து வரிவரியா படிச்சார். அப்புறம் மச்சினனைப் பாத்து ஒரே ஒரு இடத்தை காட்டினார். புகார்தாரர் என்ன சொல்லியிருக்கார்னா, “2008ஆம் வருட மெஷினில் 2015 என்று வேறு பெயர்த்தகட்டைப் பொருத்தி, புதிய மாடல் என்று நம்ப வைத்து என்னிடம் பணம் பெற்றார்”.

“சார், அது சுத்தப் பொய் சார், தகடு அவரே மாட்டினது”ன்னு மச்சினன் குதிக்கிறான்.

“இருக்கலாம் தம்பி. ஆனா ஜட்ஜ் இன்னைக்கு அதை உண்மைன்னு வச்சுக்கிட்டுத்தான் படிப்பார். உண்மைன்னு வச்சா இது ஏமாத்து ஆகுதா இல்லையா?”

மச்சினன் வாயே திறக்கல.

குவாஷ்னா என்னன்னு எனக்கு அந்த நிமிஷம்தான் விளங்குச்சு. விசாரணை ஆரம்பிச்ச கையோட அதை நிறுத்தச் சொல்லி போறப்ப, கோர்ட் நம்ம பக்க நியாயத்தை எடை போட உக்காரல. எஃப்ஐஆர்ல எழுதியிருக்கிறது அத்தனையும் அப்படியே நிஜம்னு வச்சா, அதுல ஒரு குற்றம் தெரியுதா, அவ்வளவுதான் கேள்வி. தெரிஞ்சா போலீஸ் விசாரிக்கட்டும், பொய்யா நிஜமான்னு அவங்க கண்டுபிடிக்கட்டும். நம்ம ஸ்கிரீன்ஷாட், சர்டிபிகேட் எல்லாம் விசாரணை அதிகாரிகிட்ட குடுக்க வேண்டியது, கேஸ் மேல போனா டிஸ்சார்ஜ் மனுவுக்கு (சாட்சி விசாரணைக்கு முன்னாடியே விடுவிக்கக் கேக்குறது) கையில வச்சிருக்க வேண்டியது. யாராலும் மறுக்கவே முடியாத ஆவணம் இருந்தா ஒழிய இந்த ஸ்டேஜ்ல அதை பாக்க மாட்டாங்க. எஃப்ஐஆர் ஒண்ணும் என்சைக்ளோபீடியா இல்ல, எல்லா விவரமும் அதுலயே இருக்கணும்னு எதிர்பாக்கக் கூடாதுன்னும் சுப்ரீம் கோர்ட் பல தடவை சொல்லியிருக்கு.

இது இன்னைக்கு நேத்து வந்த கொள்கையும் கிடையாது. வெள்ளைக்காரன் காலத்துல பிரிவி கவுன்சில் (அப்ப லண்டன்ல இருந்த கடைசி அப்பீல் கோர்ட்) க்வாஜா நசீர் அகமது கேஸ்லயே சொல்லிட்டாங்க, விசாரிக்கிறது போலீஸ் வேலை, கோர்ட்டோட வேலை அதுக்கு அப்புறம்தான் ஆரம்பிக்குது, ஒருத்தர் ஏரியாவுல இன்னொருத்தர் நுழையக் கூடாதுன்னு. ஆனா எஃப்ஐஆர்ல குற்றமே இல்லன்னா போலீஸுக்கு விசாரிக்கிற அதிகாரமே கிடையாது, அப்ப கோர்ட் நிறுத்தலாம், நிறுத்தணும். 1982ல சஞ்சயிதா இன்வெஸ்ட்மென்ட்ஸ்ங்கிற நிதி நிறுவனத்தோட கேஸ்ல (ஸ்வபன் குமார் குஹா கேஸ்னு சொல்வாங்க) சுப்ரீம் கோர்ட் அப்படித்தான் விசாரணையை நிறுத்துச்சு.

எல்லா வக்கீலும் சொல்ற பேர் ஒண்ணு இருக்கு, பஜன்லால். ஹரியானா முன்னாள் முதலமைச்சர் மேல வந்த சொத்துக்குவிப்பு புகார். 1992 தீர்ப்புத் தொகுப்புல இருக்கிற தீர்ப்பு, எழுதினது நம்ம திருநெல்வேலிக்காரர் ஜஸ்டிஸ் ரத்னவேல் பாண்டியன். எப்பெல்லாம் எஃப்ஐஆரை உடைக்கலாம்னு 7 வகை சொல்லியிருக்கார். சொன்னது எல்லாம் அப்படியே ஏத்துக்கிட்டாலும் குற்றமே ஆகல, புத்தியுள்ள எவனும் நம்ப முடியாத அபத்தமான புகார், போலீஸ் தானா விசாரிக்கவே முடியாத சின்ன குற்றத்தை மாஜிஸ்திரேட் உத்தரவில்லாம கையில எடுத்தது, சட்டத்துலயே தடை இருக்கிறது, பழிவாங்கணும்னு கெட்ட எண்ணத்தோட போட்டது, இப்படி போகும் அந்த லிஸ்ட். என் ஆன்லைன் டிராஃப்ட்லயும் அந்த 7ஐயும் காப்பி பேஸ்ட் பண்ணியிருந்தாங்க, ஆனா நம்ம கேஸ் அதுல எதுல விழுதுன்னு ஒரு வரி கிடையாது. இதுல பெரிய தமாஷ் என்னன்னா, குவாஷுக்கு பைபிள் மாதிரி எல்லாரும் தூக்கிட்டுப் போற அந்த பஜன்லால் கேஸ்ல எஃப்ஐஆர் உடையவே இல்ல! ஹைகோர்ட் உடைச்சதை சுப்ரீம் கோர்ட் திருப்பி உயிர் குடுத்துடுச்சு, விசாரிச்ச அதிகாரிக்கு ஒழுங்கான அனுமதி இல்லன்னு அந்த விசாரணையை மட்டும்தான் ரத்து பண்ணாங்க. ரீல்ஸ்ல இதை யாரும் சொல்ல மாட்டாங்க.

“சிவில் மேட்டர்”ங்கிற வார்த்தையையும் பெரியவர் உடைச்சு காட்டினார். பணம் குடுக்கல, சரக்கு சரியில்ல, பேசுனபடி செய்யலங்கிறது மட்டும் இருந்தா அது சிவில். 420 ஆகணும்னா பேச்சு ஆரம்பிக்கிறப்பவே ஏமாத்துற எண்ணம் இருந்திருக்கணும், பின்னாடி வாக்கு தவறினது பத்தாது. சிவில் தகராறை கிரிமினல் ஆக்கி பணம் வசூல் பண்ணப் பாக்குறாங்கன்னு 2006ல இந்தியன் ஆயில் கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டே வருத்தப்பட்டிருக்கு, அதே தீர்ப்புல சிவில் பரிகாரம் இருக்குங்கிறதுக்காக மட்டும் கிரிமினல் கேஸ் போடக் கூடாதுன்னு இல்லைன்னும் சொல்லியிருக்கு. புகார்தாரரோட வக்கீல் கெட்டிக்காரர், அந்த ஆரம்ப எண்ணத்துக்காகத்தான் பெயர்த்தகடு வரியை உள்ளே சொருகியிருக்கார். அந்த ஒரு வரி இல்லன்னா மச்சினன் கேஸ் நல்ல குவாஷ் கேஸ். அந்த வரி இருக்கிறப்ப, “90 சதவீதம்” எங்கேர்ந்து வந்துச்சுன்னு அந்த கம்பெனிக்காரனைத்தான் கேக்கணும்.

“கடும் நடவடிக்கை கூடாது”ங்கிற வரிக்கு பெரியவர் சிரிச்சுட்டார். 2021 ஏப்ரல்ல நீஹாரிகா கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டோட 3 ஜட்ஜ் பெஞ்ச் தெளிவா சொல்லிடுச்சு, குவாஷ் மனுவை தள்ளுபடி பண்ணிட்டு “ஆனா விசாரணை முடியுறவரை அரெஸ்ட் பண்ணாதே”ன்னு ஹைகோர்ட் உத்தரவு போடக் கூடாது, மனு நிலுவையில இருக்கிறப்பவும் காரணம் எழுதாம பொத்தாம்பொதுவா அந்த மாதிரி இடைக்கால உத்தரவு குடுக்கக் கூடாதுன்னு. அரெஸ்ட் பயம்னா அதுக்கு வழி முன்ஜாமீன். அதுவும் 7 வருஷம் வரைக்கும் தண்டனை உள்ள குற்றத்துல (420 அதுலதான் வருது) எடுத்தவுடனே அரெஸ்ட் பண்ணக் கூடாது, நோட்டீஸ் குடுத்து கூப்பிட்டு விசாரிக்கணும்னு 2014ல அர்னேஷ் குமார் தீர்ப்பு இருக்கு, பழைய 41ஏ நோட்டீஸ், இப்ப பிஎன்எஸ்எஸ் 35(3). நெஜமாவே மச்சினனுக்கு அந்த நோட்டீஸ்தான் வந்திருந்துச்சு! நோட்டீஸ்படி போய் ஒத்துழைச்சா தேவையில்லாம தூக்க மாட்டாங்க. இவன் தூக்கம் கெட்டது அரெஸ்டை நினைச்சு, கம்பெனி வித்தது குவாஷ். தலைவலிக்கு கண்ணாடி மாத்தி விட்ட கதை.

இன்னொரு விஷயம் பெரியவர் சொன்னப்பதான் எனக்கு திக்குன்னுச்சு. பலவீனமான குவாஷ் மனுவை போட்டா சும்மா தள்ளுபடி ஆகி போயிடும்னு நினைக்காதீங்க, பல சமயம் ஜட்ஜ் தள்ளுபடி பண்றப்பவே “இத்தனை வாரத்துல விசாரணையை முடிச்சு இறுதி அறிக்கை போடு”ன்னு போலீஸுக்கு கெடு வச்சுடுவாங்க. மெதுவா கிடந்த ஃபைலுக்கு நாமளே காசு குடுத்து ரெக்கை கட்டி விட்ட மாதிரி.

அப்ப ஆரம்ப ஸ்டேஜ்ல குவாஷே கிடைக்காதான்னா கிடைக்கும். விசாரணை இப்பத்தான் ஆரம்பிச்சிருக்கு, அதனால தலையிட மாட்டோம்னு ஹைகோர்ட்டுங்க அடிக்கடி சொல்றதுண்டு, குஜராத் ஹைகோர்ட்டும் ராஜ்யசபா எம்பி இம்ரான் பிரதாப்கர்ஹி கேஸ்ல அப்படித்தான் சொல்லுச்சு, அவர் எக்ஸ் தளத்துல போட்ட ஒரு கவிதை வீடியோவுக்கு எஃப்ஐஆர். 2025 மார்ச் 28ல சுப்ரீம் கோர்ட் அந்த எஃப்ஐஆரை ரத்து பண்ணிட்டு, விசாரணை ஆரம்ப கட்டத்துல இருந்தா குவாஷ் பண்ணவே கூடாதுன்னு ஒரு முழுமையான விதி எதுவும் இல்லன்னு சொல்லிடுச்சு. அந்த கேஸ்ல கவிதையை படிச்சுப் பாத்தாலே போதும், குற்றம் இல்லன்னு தெரிஞ்சுடும், விசாரிச்சு கண்டுபிடிக்க ஒண்ணும் இல்ல. நம்ம கேஸ்ல தகடை மாட்டினது யாருன்னு யாராவது போய் பாத்தே ஆகணும்.

சரி, எங்க கதை என்னாச்சு. பெரியவர் மச்சினனுக்கு மனு போடவே இல்ல. “உங்களுக்கு வேண்டாம் தம்பி, உங்க வீட்டம்மாவுக்கு போடலாம்”னார். எஃப்ஐஆர்ல தங்கச்சி பத்தி இருக்கிறது ஒரே வாக்கியம், “இவரது மனைவியும் இதற்கு உடந்தையாக இருந்துகொண்டு மிரட்டினார்”. எப்போ, எங்கே, என்ன சொல்லி, எதுவும் இல்ல. குடும்பத்துல இருக்கிறவங்க பேரை எல்லாம் மொத்தமா இழுத்து விடுறதை வரதட்சணை கேஸ்கள்ல சுப்ரீம் கோர்ட் பல தடவை கண்டிச்சிருக்கு, அதே நியாயம் இங்கயும் பொருந்தும்னு சொல்லி ஏ2வுக்கு மட்டும் ஒல்லியா ஒரு மனு. நாலஞ்சு பக்கம்தான் மேட்டர். ஸ்கிரீன்ஷாட் ஒண்ணு கூட இல்ல.

ஹியரிங் நான் நேர்ல பாத்தேன். நம்ம ஐட்டம் வந்தப்ப ஜட்ஜ் எஃப்ஐஆரை புரட்டிட்டு அரசு வக்கீலைப் பாத்து “ஏ2 மேல ஓவர்ட் ஆக்ட் என்ன?”ன்னு, அதாவது அவங்க நேரடியா செஞ்சது என்னன்னு கேட்டார். “இன்வெஸ்டிகேஷன் பெண்டிங், மைலார்ட்”. “அது சரி, எஃப்ஐஆர்ல என்ன இருக்கு?” அதுக்கு பதில் இல்ல. புகார்தாரருக்கு நோட்டீஸ் போச்சு, அவர் வக்கீலும் வந்து பேசினார், அப்புறம் ஒரு ஹியரிங்ல ஏ2 வரைக்கும் ரத்து, ஏ1 மேல விசாரணை தொடரலாம்னு உத்தரவு. நம்ம ஆள் கோர்ட்ல பேசுனது மொத்தம் ரெண்டு மூணு நிமிஷம் இருக்கும். சினிமா கோர்ட் மாதிரி எதிர்பாத்து போன மச்சினனுக்கு கொஞ்சம் ஏமாற்றம்தான்.

ஏ1 ஃபைல் இன்னும் போலீஸ்கிட்ட. மெஷின் வாங்கின பழைய இன்வாய்ஸ், வருஷம் தெரியுற சீரியல் நம்பர், வித்தப்ப போட்ட பில், எல்லாத்தையும் ஒரு கவரிங் லெட்டரோட விசாரணை அதிகாரிகிட்ட குடுத்து அக்னாலட்ஜ்மென்ட் வாங்கி வச்சிருக்கான். அவங்களே பொய் புகார்னு மூடினாலும் மூடலாம். சார்ஜ்ஷீட் போட்டா அப்புறமும் குவாஷுக்கு போகலாம், எஃப்ஐஆர் ஸ்டேஜ் தாண்டிட்டா கதவு மூடிடும்னு இல்ல, அதையும் 2018ல ஆனந்த் குமார் மொஹத்தா கேஸ்ல சொல்லியாச்சு. “இன்னும் ஒரு வாரத்துல போடலன்னா சான்ஸ் போயிடும்”னு கம்பெனி பொண்ணு மச்சினனை அவசரப்படுத்துச்சு பாருங்க, அது சும்மா வியாபார டெக்னிக்.

சமரசம் பேசி முடிக்கிறதும் ஒரு வழிதான், பெரியவர் அதையும் சொல்லி வச்சிருக்கார். ரெண்டு பேரும் கையெழுத்து போட்டு நேர்ல வந்து நின்னா, பணம் காசு மாதிரி தனிப்பட்ட தகராறுகளை ஹைகோர்ட் ரத்து பண்ணலாம், 2012 கியான் சிங் தீர்ப்பு. கொலை, பாலியல் வன்கொடுமை மாதிரி விஷயத்துல அது நடக்காது, போக்சோ கேஸை சமரசம்னு சொல்லி முடிச்சதை 2024ல சுப்ரீம் கோர்ட் ரத்து பண்ணிச்சு. எங்க புகார்தாரர் இன்னும் முறுக்கிக்கிட்டுதான் இருக்கார், பாப்போம்.

இலவசமா கிடைக்கிற ரெண்டு சர்வீஸுக்கு தனியா ஸ்டார் குடுத்துடுறேன். எஃப்ஐஆர் காப்பிக்கு ஸ்டேஷன்ல போய் நிக்க வேண்டியதில்ல, 24 மணி நேரத்துல வெப்சைட்ல ஏத்தணும்னு 2016லயே சுப்ரீம் கோர்ட் உத்தரவு இருக்கு (பாலியல் குற்றம் மாதிரி சென்சிட்டிவ் கேஸ் தவிர), தமிழ்நாடு போலீஸ் சைட்ல டவுன்லோட் பண்ணினேன், 4 ஸ்டார், கேப்ட்சா படுத்தாம இருந்திருந்தா 5. இகோர்ட்ஸ் ஆப்பும் நல்லா இருக்கு, கேஸ் நம்பர் போட்டா அடுத்த தேதி, உத்தரவு எல்லாம் தெரியுது. பேக்கேஜ் கம்பெனி “டெய்லி கேஸ் அப்டேட்”னு தனியா காசு கேட்டது இதுக்குத்தான்.

இன்னொண்ணு, வக்கீல்கள் விளம்பரம் பண்ணி கிளையன்ட் பிடிக்கக் கூடாதுங்கிறது பார் கவுன்சில் விதி. ஆன்லைன்ல வக்கீல் சேவையை சரக்கு மாதிரி விக்கிற சைட்டுங்க மேல நடவடிக்கை எடுக்கச் சொல்லி 2024 ஜூலைல நம்ம மெட்ராஸ் ஹைகோர்ட்டே பார் கவுன்சிலுக்கு உத்தரவு போட்டிருக்கு. ரீல்ஸ் இன்னும் ஓடிட்டுத்தான் இருக்கு.

நீங்க யாரை பிடிச்சாலும் சரி, காசு குடுக்குறதுக்கு முன்னாடி ஒரே ஒரு கேள்வி கேளுங்க: “இந்த எஃப்ஐஆர்ல இருக்கிறது எல்லாம் நிஜம்னே வச்சுப்போம், அப்பவும் எப்படி சார் உடையும்?” இதுக்கு எஃப்ஐஆர்ல விரல் வச்சு பதில் சொல்றவர்கிட்ட குடுங்க. சதவீதக் கணக்கு சொல்றவர்கிட்ட வேண்டாம்.

ரீஃபண்ட் கேட்டோம். “டிராஃப்ட் டெலிவர் ஆயிடுச்சு சார், பாலிசிப்படி வராது”ன்னாங்க. மனுவை ஃபைலே பண்ணலையேம்மா, ஃபைலிங் காசையாவது குடுங்கன்னதுக்கு மேனேஜர்கிட்ட பேசுறோம்னு வச்சவங்கதான், பணம் வரல, பதிலா மச்சினன் நம்பருக்கு 20 சதவீத தள்ளுபடி கூப்பன் ஒண்ணு வந்திருக்கு, மியூச்சுவல் டைவர்ஸ் பேக்கேஜுக்கு. தங்கச்சி அதை ஃபேமிலி குரூப்ல போட்டு “அண்ணே, இவரு இது ஒண்ணையும் வாங்கிடாம பாத்துக்கோங்க”ன்னுச்சு.